இன்னொரு தடவை சிரிக்கச் சொன்னேன்

அரவேணு என்கிற மலையூருக்குக் கீழே ஒரு பழைய தேயிலைத் தோட்டத்தில் பதினோரு பேர் சேர்ந்து வாழ்கிறார்கள். செடிகளைக் கவாத்து செய்வதில்லை. எல்லாம் மரமாக வளர்ந்து நிற்கின்றன. பதினோரு பேருமே பார்த்த வேலையை விட்டுவிட்டு வந்தவர்கள். ஆவணப்படம் எடுப்பது என் பிழைப்பு. இப்படி ஊரோடு ஒட்டாமல் வாழ்கிறவர்களைக் கேள்விப்பட்டால் மூட்டையைக் கட்டிக்கொண்டு போய் அவர்களோடேயே தங்கிவிடுவேன். மூக்கை நுழைப்பது என் பிறவிக்குணம்.

ஒரே ஒரு நிபந்தனை போட்டார்கள். பதினோரு பேரில் ஒருவர் வேண்டாம் என்றாலும் அன்றோடு படம் நின்றுவிடும்.

அங்கே தலைவர் கிடையாது, யாருக்கு என்ன வேலை என்ற பட்டியலும் கிடையாது. அப்படியானால் பாத்திரத்தை யார் கழுவுவார்கள்? முதல் வாரம் முழுக்க இதுதான் எனக்குக் குடைச்சல். ஒரு குழம்புச் சட்டி இரண்டு நாள் அப்படியே கிடந்தது. மூன்றாம் நாள் பொறுக்கமாட்டாமல் நானே கழுவினேன். அதற்குத்தான் காத்திருந்தார்களோ என்னவோ.

சாயங்காலம் அடுப்பைச் சுற்றி உட்கார்ந்து, அன்றைக்கு மனசுக்கு ஒப்பாமல் செய்த ஒரு காரியத்தை ஒவ்வொருவரும் சொல்ல வேண்டும். அதற்கு யாரும் பதில் பேசமாட்டார்கள். "ரெண்டாவது டீ வேண்டாம்னு சொல்ல முடியாம குடிச்சேனுங்க" என்பது போல எதையாவது சொல்லி நான் தப்பித்துக்கொள்வேன்.

மூன்றாவது வாரம் ஒரு காலையில் குளியலறை வாசலில் காட்டெருமை வந்து நின்றுவிட்டது. உள்ளே குளித்துக்கொண்டிருந்தவர் மாட்டிக்கொண்டார். திருப்பூரில் பாங்க் வேலையை விட்டு வந்த ஒரு அக்கா, தேயிலை மரத்தைப் பிடித்துக்கொண்டு கண்ணில் நீர் வரச் சிரித்தார். நான் கேமராவை எடுத்து வருவதற்குள் எருமையும் போய்விட்டது, சிரிப்பும் நின்றுவிட்டது.

"அக்கா, இன்னொரு தடவை அதே மாதிரி சிரிங்க," என்றேன். தொழில் புத்தி. சிரித்தார். படம் அருமையாக வந்திருந்தது.

அன்று சாயங்காலம் அக்காவின் முறை வந்தது.

"காலைல சிரிப்பு வராமயே சிரிச்சனுங்க. பதினாலு வருசம் கவுண்டர்ல உக்காந்து அப்பிடித்தானுங்க சிரிச்சேன். போதும்னுதான் இங்க வந்தேன்."

அடுத்தது என் முறை. முகம் சூடேறியது.

"அக்காவ மட்டும் இல்லைங்க. விறகு தூக்குன அண்ணன மூணு தடவை தூக்க வெச்சேன். எடுத்ததுல பாதி அப்பிடித்தானுங்க."

சாப்பிட்டு எழும்போது அக்கா என்னிடம் வந்தார்.

"கேமரா வேண்டாமுங்க. நீங்க இருங்க."

எனக்குக் கோபம்தான் வந்தது. மூன்று வார உழைப்பு வீண். விடிந்ததும் கிளம்பிவிடுவது என்று பையைக்கூடக் கட்டினேன். ஆனால் கேமரா இல்லாத என்னை இதுவரை யாரும் எங்கேயும் இருக்கச் சொன்னதில்லை. காலையில் பையைப் பிரித்தேன்.

நாலு நாள் கழித்து எருமை மறுபடியும் வந்தது. இந்தத் தடவை உள்ளே மாட்டிக்கொண்டது நான். சோப்பு நுரையோடு கதவிடுக்கு வழியாகப் பார்த்தேன். அக்கா அதே மரத்தைப் பிடித்துக்கொண்டு சிரித்துக்கொண்டிருந்தார்.