இரண்டு கரைக்கும் ஒரே ஞாயிறு

எதிர்வீட்டு இஸ்திரிக்காரியைப் பற்றி எனக்குத் தெரியாதது எதுவும் இல்லை என்று நினைத்துக்கொண்டிருந்தேன். என் தையல் மெஷின் வாசலைப் பார்த்து இருக்கிறது. வாசலுக்கு நேர் எதிரே அவள் வீட்டுக் கதவு. வேண்டாம் என்றாலும் விஷயம் காதில் விழத்தான் செய்யும். நான் வேண்டாம் என்று சொன்னதும் இல்லை.

அவளுக்கு ஆஸ்பத்திரி சலவைக்கூடத்தில் வேலை. நாளெல்லாம் படுக்கை விரிப்பும் டாக்டர் கோட்டும் தேய்ப்பாள். வீட்டுக்கு வந்தால் இஸ்திரிப் பெட்டியை ஏறெடுத்தும் பார்க்க மாட்டாள். புருஷன் கசங்கிய சட்டையோடுதான் வேலைக்குப் போவார். அவருக்கு ஆற்றின் அக்கரையில், கண்ணாடிப் புட்டி செய்கிற தொழிற்சாலையில் வேலை. இக்கரை அரசியின் நாடு, அக்கரை அரசரின் நாடு, நடுவில் ஒரு பாலம். பாலத்தைத் தாண்டினால் பேச்சு மாறாது, காசு மாறாது, நாள் மட்டும் மாறிவிடும். அக்கரை நாள்காட்டி நம்முடையதைவிட நாலு நாள் முந்தி ஓடியது. இங்கே ஞாயிறு என்றால் அங்கே வியாழன். எந்தக் காலத்திலோ எந்த ராஜாவோ கோபித்துக்கொண்டு மாற்றிவிட்டாராம். என்ன கோபம் என்று நானும் கேட்காத ஆளில்லை, ஒருவருக்கும் தெரியவில்லை.

ஆக, அவளுக்கு நம் ஞாயிறு லீவு. அவருக்கு அக்கரை ஞாயிறு லீவு. அது நமக்குப் புதன். கல்யாணம் ஆன நாள் முதல் இதே கதைதான். லீவில் இருப்பவர் மதியம் சமைத்து, மற்றவர் பங்கைத் தட்டில் எடுத்து மூடி வைத்துவிட்டு, பிறகு தான் சாப்பிடுவார். வேலைக்குப் போனவர் இருட்டிய பிறகு வந்து அதைச் சாப்பிட்டுவிட்டுப் படுத்துவிடுவார். அவர்கள் சண்டை போட்டு நான் கேட்டது ஒரே ஒரு தடவைதான். அதைப் பிறகு சொல்கிறேன்.

இரண்டு நாட்டுக்கும் இனி ஒரே நாள்காட்டி என்று பேச்சு கிளம்பியது. இரு தரப்புத் தூதர்களும் பாலத்து மண்டபத்தில் மாதக்கணக்கில் உட்கார்ந்து, எவருடைய ஞாயிறு அசல் ஞாயிறு என்று தொண்டை கிழியக் கத்தினார்கள். கடைசியில் ஆளுக்குப் பாதி என்று முடிவானது. நாம் இரண்டு நாளைத் தாண்டிக் குதித்துவிடுவது, அவர்கள் இரண்டு நாளைத் திரும்பவும் ஒரு தடவை வாழ்வது. எனக்கு அதில் ஒரு சந்தேகம். அந்த இரண்டு நாளில் மாமியாரோடு சண்டை போட்டவள், திரும்ப வரும்போது விட்ட இடத்திலிருந்து தொடங்குவாளா, முதலிலிருந்தா? கேட்டவர்கள் எல்லாம் என்னை ஒரு மாதிரி பார்த்தார்கள்.

தெருவே அவளை வாழ்த்தியது. இனி புருஷனோடு சேர்ந்து ஒரு ஞாயிறு! அவள் முகத்திலோ ஈயாடவில்லை. ரவிக்கைக்கு ஊக்கு வைக்க வேண்டும் என்று சாக்குச் சொல்லிக்கொண்டு என்னிடம் வந்தாள்.

"என்னடி, உனக்கு சந்தோஷமா இல்லையா?"

"பயமா இருக்குக்கா. வெள்ளம் வந்தப்ப பாலத்தை மூடினாங்களே, ஞாபகம் இருக்கா?"

மறக்குமா? வெள்ளத்தால் ஆஸ்பத்திரிச் சலவையும் நின்றுபோய், இருவரும் பகலெல்லாம் வீட்டில் சேர்ந்து இருந்தார்கள். ஜன்னலைத் திறந்தால் சண்டை, மூடினால் சண்டை. ஒருநாள் தலையணையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு என் வீட்டுக்கே வந்துவிட்டாள். பாலம் திறந்து அவர் வேலைக்குப் போன பிறகுதான் திரும்பினாள்.

"நாள் ஒத்துவராததாலதான் நாங்க ஒத்துப்போறோமோன்னு தோணுது. இனிமே வாராவாரம் வெள்ளம்னா எப்படிக்கா தாங்கும்? பிரிஞ்சிடுவோம்."

"போடி பைத்தியம்."

"கையெழுத்துப் போடற மேஜைக்கு விரிப்பு எங்க சலவைக்குத்தான் வந்திருக்கு. பெட்டியை ஒரு நிமிஷம் அப்படியே வச்சேன்னா ஓட்டை விழுந்துடும். ஒப்பந்தம் தள்ளிப்போகும்ல?"

விளையாட்டாகத்தான் சொன்னாள். ஆனால் கண் சிரிக்கவில்லை. விரிப்பை ஒரு மடிப்பில்லாமல் தேய்த்துத்தான் அனுப்பினாள். கெட்ட வேலை செய்ய அவளுக்குக் கை வராது. அதன் மேல் வைத்துக் கையெழுத்திட்ட தூதர்கள், ஒப்பந்தத்தில் எந்தத் தேதியைப் போடுவது என்று அரைநாள் அடித்துக்கொண்டு இரண்டையும் போட்டார்களாம்.

முதல் பொது ஞாயிறும் வந்தது. நான் மெஷினை ஓட்டவே இல்லை, சத்தத்தில் எதுவும் கேட்காமல் போய்விடுமே! காலையிலேயே தொடங்கிவிட்டது. லீவு நாளில் அடுப்பு தன்னுடையது என்று இருவருக்கும் நினைப்பு. அவர் கரண்டியை விடவில்லை. அவள் துவைத்த துணியை அள்ளிக்கொண்டு, படி அதிர மாடிக்குப் போனாள். அப்புறம் இறங்கி வந்தாள். அதன்பிறகு ஒரு சத்தமும் இல்லை.

எனக்கு இருப்புக்கொள்ளவில்லை. சத்தம் போட்டால் கூடப் பரவாயில்லை. எழுந்து போய், ஊசி இருக்கிறதா என்று கேட்டேன். தையல்காரி ஊசி கடன் கேட்ட கூத்து அன்றைக்குத்தான் நடந்தது.

இருவரும் மேஜைக்கு இரண்டு பக்கமும் நின்றுகொண்டிருந்தார்கள். மேஜையில் மூடி வைத்த தட்டுகள் இரண்டு.

"இதைப் பாருங்கக்கா," என்றாள். "நான் மாடியில இருந்தப்ப எனக்குன்னு எடுத்து மூடி வச்சிட்டுக் குளிக்கப் போயிருக்கார். அது தெரியாம நான் வந்து, மிச்சத்தை எல்லாம் இவருக்குன்னு எடுத்து மூடிட்டேன். பானை காலி."

அவர் இரண்டு தட்டையும் மாறி மாறிப் பார்த்தார். "அப்ப இன்னிக்கு வேலைக்குப் போனது யாரு?"

அவளுக்குச் சிரிப்பு பீறிட்டது. சிரித்துக்கொண்டே உட்கார்ந்து, தன் தட்டின் மூடியை எடுத்தாள். ஆவி பறந்தது. ஒரு வாய் வைத்தவள் அப்படியே நிறுத்திவிட்டாள்.

"என்னம்மா, நல்லா இல்லையா?"

"சூடா இருக்குங்க." தட்டைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள். "நீங்க சமைச்சதை நான் ஆறினப்புறம்தானே சாப்பிட்டிருக்கேன், இத்தனை வருஷமா."

"உப்பு சரியா இருக்கா?" என்றார்.

"கம்மி."

"ராத்திரிக்குள்ள ஊறிடும்னு எப்பவும் குறைச்சுத்தான் போடுவேன். பழக்கம்."

"அடுத்த ஞாயிறு நான் சமைக்கறேன்," என்றாள் அவள். "நீங்க சூடா சாப்பிடுங்க."

நான் ஊசி வாங்காமலே திரும்பி வந்து, மெஷினை ஓட்ட ஆரம்பித்தேன்.