கியர் பழகிய ஞாயிற்றுக்கிழமை

“இதை வெளியில் யாராலும் செய்ய முடியாது” என்று யாராவது சொன்னால் எனக்குக் காது சூடாகிவிடும். இது நல்ல குணமா கெட்ட குணமா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. இந்தக் குணத்தால் சில சர்க்யூட் போர்டுகளைக் கருக்கியிருக்கிறேன், சில சொந்தங்களையும் முறித்துக்கொண்டிருக்கிறேன். ஆனால் இது இல்லாமல் மும்பை தாராவியில் ஒரு பெண் கார் எலக்ட்ரானிக்ஸ் பழுது பார்க்கும் கடையில் பன்னிரண்டு வருடம் தாக்குப்பிடிக்க முடியாது.

கடை என்றதும் பெரிதாக நினைக்க வேண்டாம். கீழே என் கணவரின் கியர்பாக்ஸ் பட்டறை. ஒரு கார் உள்ளே நின்றால் அடுத்த கார் தெருவில் நிற்க வேண்டும். இரும்பு ஏணியில் ஏறினால் மேலே என் மேசை, லேப்டாப், ஈயம் பற்றவைக்கும் சூட்டுக்கோல், ஒரு மின்விசிறி. அவர் இரும்பைப் பார்ப்பார், நான் சிப்பையும் வயரையும் பார்ப்பேன். வண்டி சரியாகாவிட்டால் அவர் மேலே கை காட்டுவார், நான் கீழே கை காட்டுவேன். எங்கள் கல்யாண வாழ்க்கையில் பாதிச் சண்டை அந்த ஏணியின் இரண்டு முனைகளில் நின்று போட்டதுதான்.

ஒரு மழைக்காலத்தில் அக்கா வந்தார். சொந்த அக்கா இல்லை. திருநெல்வேலிப் பக்கத்துக்காரர், எங்களுக்கு இரண்டு தெரு தள்ளி தோல்பை தைக்கும் பட்டறை வைத்திருக்கிறார். சின்ன வயதில் போலியோ வந்து இடது கால் சூம்பிப்போனது, தடி ஊன்றித்தான் நடப்பார். முன்பெல்லாம் பைகளைத் தோளில் மாட்டிக்கொண்டு ஹார்பர் லைன் ரயிலில் நவி மும்பையின் வாஷிக் கடைகளுக்குப் போவார். ரயிலில் ஏறும்போது பின்னால் நிற்பவர்கள் அவரைத் தூக்கி உள்ளே விடுவார்கள். உதவிதான், இல்லை என்று சொல்லவில்லை. அந்த உதவியோடு சேர்ந்து வந்த சில கைகளைப் பற்றி அவர் ஒருநாள் என்னிடம் சொன்னார். அதை நான் இங்கே எழுதப்போவதில்லை.

அதற்காகத்தான் பல வருடம் சேர்த்துவைத்து ஓர் ஆட்டோமேட்டிக் கார் வாங்கினார். அதில் கிளட்ச் மிதி கிடையாது, இடது காலுக்கு வேலையே இல்லை. அவருடைய லைசென்சும் அந்த மாதிரி வண்டிக்கு மட்டும்தான். தன் கதவைத் தானே திறந்து, தானே ஏறி, தானே இறங்கி ஆறு வருடம் ஓட்டினார்.

அந்த மழையில் சுனாபட்டியில் தேங்கிய தண்ணீருக்குள் வண்டியை விட்டுவிட்டார். மறுநாளிலிருந்து மூன்றாவது கியரைத் தவிர வேறு கியர் விழவில்லை. வியாபாரத்தை நிறுத்த முடியாமல் அப்படியே நான்கு நாள் ஓட்டியதில் கியர்பாக்ஸுக்குள் இருக்கும் பிளேட்டுகளும் கருகிவிட்டன. செம்பூரில் இருக்கும் கம்பெனி சர்வீஸ் சென்டருக்குக் கொண்டுபோனார். கியர்பாக்ஸையும் அதன் கண்ட்ரோல் யூனிட்டையும் மொத்தமாக மாற்ற வேண்டும், எப்போது வரும் என்று சொல்ல முடியாது என்று அங்கே சொன்னார்கள். வெளியில் பிரித்தால் பிறகு நாங்கள் தொடமாட்டோம் என்றும் சொன்னார்கள். கூடவே ஒரு படிவத்தைக் கொடுத்தார்கள். அடுத்த திங்கட்கிழமைக்குள் கையெழுத்துப் போட்டால் இந்த வண்டியை எக்ஸ்சேஞ்சில் எடுத்துக்கொள்வார்களாம். அவர்கள் சொன்ன விலைக்கு இன்னோர் ஆட்டோமேட்டிக் வண்டியின் கதவுகூடக் கிடைக்காது. கையெழுத்துப் போட்டால் அக்கா மறுபடியும் ரயிலுக்குத்தான் போக வேண்டும்.

அவர் அந்தப் படிவத்தை என் மேசையில் வைத்தார். ஏணியில் ஒற்றைக் காலால் ஏறி வந்திருந்தார். நாங்கள் யாரும் பிடிக்கவில்லை, பிடிக்க விடவும் மாட்டார்.

“எனக்கு இந்த வண்டி ஓடணும், பிள்ள. யார் கையும் எம்மேல படாம நான் வாஷிக்குப் போயிட்டு வரணும். வேற ஒண்ணும் கேக்கல” என்றார்.

கண்ட்ரோல் யூனிட் என்பது உள்ளங்கை அளவு அலுமினியப் பெட்டி. எந்த நேரத்தில் எந்த கியர், எவ்வளவு அழுத்தம் என்று முடிவு செய்வது அதுதான். தண்ணீர் புகுந்து அது செத்துப்போயிருந்தது. குர்லாவில் பழைய வண்டிகளைப் பிரித்து விற்கும் இடத்தில் அதே மாடல் பெட்டி ஒன்றைத் தேடிப்பிடித்தேன். ஆனால் ஒவ்வொரு பெட்டிக்குள்ளும் அது எந்த வண்டியைச் சேர்ந்தது என்ற எண் பதிந்திருக்கும். வேறு வண்டியின் பெட்டியை மாட்டினால் என்ஜின் அதனோடு பேசவே பேசாது. கம்பெனிக் கம்ப்யூட்டரில் மட்டுமே அதை மாற்ற முடியும் என்று சொல்வதும் இதை வைத்துத்தான்.

எனக்குக் காது சூடானது. அக்காவின் வண்டி எண் கம்பெனிக் கம்ப்யூட்டரில் மட்டுமா இருக்கிறது? செத்துப்போன பெட்டிக்குள்ளும் இருக்கிறதே. அது அக்கா காசு கொடுத்து வாங்கிய பெட்டி, அதற்குள் இருப்பதும் அக்காவுடையது. அதை எடுக்க எவனைக் கேட்க வேண்டும்?

இரண்டு நாள் அந்த போர்டைத் துடைத்தேன். பச்சையாகப் பூத்திருந்த துருவை ஊசியால் சுரண்டினேன். சிப்பைக் கழற்றி லேப்டாப்பில் படிக்கவைத்தபோது மூன்று முறை குப்பைதான் வந்தது. நான்காவது முறை சுத்தமாக வந்தது. அதில் ஓர் எழுத்தையும் விடாமல் குர்லா பெட்டிக்குள் ஏற்றினேன். இங்கேதான் நான் தப்புச் செய்தேன்.

எங்கள் பேட்டையில் எதையும் தூக்கிப்போட மாட்டோம். பிளாஸ்டிக் டப்பா, எண்ணெய் டின், ஹோட்டல் சோப்புத் துண்டு, பழைய பைக்குள் இருக்கும் அட்டை என்று ஊரே வீசியதை எடுத்து மறுபடி ஆளாக்கும் இடம் இது. நானும் அந்தக் கை உள்ளவள். செத்த பெட்டியிலிருந்து மீட்டதில் ஒரு துளியையும் விட மனசு வரவில்லை. எது வேண்டும், எது வேண்டாம் என்று பிரித்துப் பார்க்காமல் மொத்தத்தையும் ஏற்றிவிட்டேன்.

அதற்குள் என் கணவர் கியர்பாக்ஸைப் பிரித்துப் புது பிளேட்டுகள் போட்டு மூடியிருந்தார். சனிக்கிழமை காலையில் வண்டியை ஸ்டார்ட் செய்தோம். எண் ஒத்துப்போனது, எச்சரிக்கை விளக்கு அணைந்தது. நான் ஏணியில் நின்று கை தட்டினேன். அவர் வண்டியைத் தெருவுக்குள் நகர்த்தினார். இரண்டாவது கியர் விழும்போது யாரோ பின்னாலிருந்து மோதியது போல வண்டி அதிர்ந்தது. மூன்றாவதில் இன்னும் மோசம். பக்கத்துக் கடைக்காரர் வெளியே வந்து, “ஜட்கா மார்தா ஹை”, வண்டி உதைக்கிறது என்று நாங்கள் கேட்காமலே சொல்லிவிட்டுப் போனார்.

வழக்கம்போல ஏணிச் சண்டை ஆரம்பித்தது.

“பிளேட்டு புதுசு. நான் கையால வச்சது. கோளாறு மேலதான்” என்றார் அவர்.

“நான் ஏத்துன டேட்டா அச்சு அசலா பழசுதான். ஒரு எழுத்து மாறல” என்றேன்.

சொல்லி முடித்ததும் எனக்கே உறைத்தது. அச்சு அசலாகப் பழசுதானே கோளாறு.

இந்தப் பெட்டி சும்மா கட்டளை மட்டும் போடுவதில்லை, கற்றுக்கொண்டும் இருக்கிறது. பிளேட் தேயத் தேய, பிடிப்பதற்கு இவ்வளவு அழுத்தம் கூடுதலாக வேண்டும் என்று தன் நினைவில் எழுதிவைக்கும். ஆறு வருடமாகத் தேய்ந்த பிளேட்டுக்கு எழுதிய அந்தக் கணக்கை நான் அப்படியே புது பிளேட்டின் தலையில் கட்டியிருந்தேன். தேய்ந்த செருப்புக்குப் பழகிய கால் புதுச் செருப்பிலும் அதே போல விரலை இறுக்கிக்கொண்டு நடந்தால் என்ன ஆகும்? வண்டியும் அப்படித்தான் நடந்தது. சர்வீஸ் சென்டர்காரர்கள் அன்று என்னைப் பார்த்திருந்தால் இதற்குத்தான் சொன்னோம் என்று சிரித்திருப்பார்கள். அதை நினைத்ததும் வெட்கமாக இருந்தது, வெட்கத்தைவிடக் கோபம் அதிகமாக இருந்தது. தப்பு என்னுடையது என்று கணவரிடம் ஒப்புக்கொண்டேன்.  ‘கோளாறு மேலதான்’ என்று அவர் முகத்தில் எழுதி ஒட்டியிருந்தது.

வண்டி எண்ணை வைத்துக்கொண்டு, கற்றுக்கொண்டதை மட்டும் அழித்தேன். அந்த நேரத்தில் கரண்ட் கொஞ்சம் ஆடினாலும் இந்தப் பெட்டியும் செத்துவிடும். எங்கள் தெருக் கரண்டை நம்ப முடியாததால் மூன்று பேட்டரிகளைச் சேர்த்துக் கட்டி அழித்தேன். இனி வண்டிக்கு முதலிலிருந்து சொல்லிக்கொடுக்க வேண்டும். கியர்பாக்ஸ் எண்ணெய் மிதமான சூட்டில் இருக்க வேண்டும். மெதுவாக மிதித்து ஒவ்வொரு கியராகக் கடைசிவரை போய், காலை எடுத்து, வேகம் தானாகக் குறைந்த பிறகு மெல்ல பிரேக் பிடித்து நிறுத்த வேண்டும். நின்று, மறுபடி கிளம்ப வேண்டும். இடையில் சட்டென்று பிரேக் பட்டால் அந்தச் சுற்று செல்லாது. இதைத் தாராவியில் செய்ய முடியாது. தொண்ணூறடி ரோட்டில் இரண்டாவது கியருக்கு முன்னால் ஒரு கைவண்டியாவது குறுக்கே வந்துவிடும்.

ஞாயிறு விடிவதற்கு முன்பே கிளம்பி, முதல் கியரிலேயே நிறுத்திவைத்து ஊர்ந்து, காலையில் காலியாகக் கிடக்கும் வாஷி பாம் பீச் ரோட்டுக்குப் போனோம். கணவர் ஓட்டினார், பக்கத்தில் நான் மடியில் லேப்டாப்போடு, பின் சீட்டில் அக்கா தன் தடியோடு. சுற்றுகளைக் குறித்துக்கொள்ளப் பேப்பர் எடுக்க மறந்திருந்தேன். அக்கா தன் பைக்குள்ளிருந்து அந்த எக்ஸ்சேஞ்ச் படிவத்தை எடுத்துத் திருப்பிப்போட்டுக் கொடுத்தார்.

முதல் சுற்றில் மூன்றாவது கியருக்கு வரும்போது வண்டி குப்பென்று நின்று நான் முன்னால் போய் முட்டிக்கொண்டேன். என்ன என்று பார்த்தால் என் கணவரின் இடது கால். இருபது வருடமாகக் கிளட்ச் மிதித்த கால் அது. கியர் மாறும் சத்தம் கேட்டதும் தானாகப் போய்க் கிளட்சைத் தேடுகிறது. அங்கே இருப்பதோ பிரேக். பட்டறையிலும் தெருவிலும் மெதுவாக நகர்த்தும்போது தெரியாத பழக்கம் வேகமெடுத்ததும் கிளம்பிவிட்டது. காலை மடக்கி சீட்டுக்கு அடியில் வைத்துக்கொண்டார். அடுத்த சுற்றில் அடியிலிருந்தே கிளம்பி வந்து மிதித்தது. மூன்று சுற்று செல்லாமல் போய், மூன்று தடவையும் முதலிலிருந்து ஆரம்பித்தோம். எனக்கு ஓட்டத் தெரியாது. வண்டி எண்ணெய் சூடேறிக்கொண்டே போகிறது, நாளை திங்கட்கிழமை. நான் அவரைப் பார்த்துக் கத்தினேன், அவர் தன் காலைப் பார்த்துக் கத்தினார்.

பின்னால் சிரிப்புச் சத்தம் கேட்டது.

“எறங்குங்க தம்பி” என்றார் அக்கா. “ஒங்க இடது கால் சும்மா கெடக்காது. எனக்குக் கெடக்கும்.”

சோதனை ஓட்டத்தில் வாடிக்கையாளர் கையில் வண்டியைக் கொடுப்பதில்லை என்பது எங்கள் பட்டறை வழக்கம். அதிர்கிற வண்டி, ஏதாவது ஆகிவிட்டால் யார் பதில் சொல்வது என்று இழுத்தேன். அவர் அதற்குள் கதவைத் திறந்து தடியை ஊன்றிவிட்டார். என் கணவர் இறங்கிப் பின்னால் போனார்.

அக்கா சீட்டை முன்னால் இழுத்து, இடது காலைக் கையால் தூக்கி ஓரமாக வைத்தார். கைப்பையை வைப்பது போலத்தான் வைத்தார். பிறகு வலது காலால் மிதித்தார். இரண்டாவது கியரில் அதிர்ந்தது, மூன்றாவதில் அதிர்ந்தது. அவர் காலை அசைக்கவில்லை. கடைசி கியர்வரை போய், மெல்ல இறங்கி, ஓரமாக நிறுத்தினார். படிவத்தின் முதுகில் முதல் கோடு போட்டேன்.

நான்காவது கோட்டில் அதிர்வு குறைந்தது. ஏழாவதில் லேசாக உதைத்தது. பத்துக்குப் பிறகு எப்போது கியர் மாறியது என்று லேப்டாப்பைப் பார்த்துத்தான் தெரிந்துகொண்டேன். எங்கள் இருவரையும்விட அந்த வண்டிக்குச் சொல்லிக்கொடுக்கத் தெரிந்தவர் அவர்தான். எனக்குக் கொஞ்சம் பொறாமையாக இருந்தது, பிறகு கண் கலங்கியது. திரும்பிப் பார்த்தால் என் கணவர் பின் சீட்டில் தன் இடது முழங்காலைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

திங்கட்கிழமை சர்வீஸ் சென்டருக்கு அக்காவோடு நானும் போனேன். போக வேண்டிய அவசியமே இல்லை, போய்க் காட்ட வேண்டும் என்ற வீம்புதான். மேலாளர் தமிழர், மாட்டுங்காவில் மூன்று தலைமுறையாக இருக்கும் குடும்பமாம். அக்கா படிவத்தை மேசையில் வைத்தார். கையெழுத்துப் போடும் இடம் காலியாக இருந்தது, முதுகில் கோடுகள் இருந்தன. மேலாளர் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். பிறகு ஆளை அனுப்பித் தங்கள் ஸ்கேனரை மாட்டச் சொன்னார். ஒரு கோளாறும் காட்டவில்லை. யார் புரோகிராம் பண்ணினார்கள் என்று இங்கிலீஷில் கேட்டார். நான்தான், தாராவியில் என்று தமிழில் சொன்னேன். அவர் அக்காவைத் திரும்பிப் பார்த்தார், வேறு யாரையாவது சொல்வாரா என்பது போல. பிறகு தானே ஒருமுறை ஓட்டிப் பார்க்க வேண்டும் என்று சாவிக்குக் கை நீட்டினார்.

“சாவி தர மாட்டேன்” என்றார் அக்கா. “பக்கத்து சீட்டுல ஏறுங்க. நான் ஓட்டிக் காட்டுதேன்.”

அவர் கொஞ்சம் யோசித்துவிட்டுக் கூடவே வந்தார். கெட்ட மனிதர் இல்லை. வண்டியருகே அக்கா தடியை உள்ளே வைக்கும்போது, தாங்கிப் பிடிக்க மேலாளரின் கை தானாக அவர் முழங்கை வரை வந்தது. அக்கா அந்தக் கையைப் பார்த்தார். கை திரும்பிப் போனது. அக்கா ஏறி, இடது காலைத் தூக்கி ஓரமாக வைத்துவிட்டு, மேலாளர் சுற்றிவந்து மறுபக்கக் கதவைத் திறந்து ஏறும்வரை காத்திருந்தார். அவரை பெல்ட் போடச் சொல்லிவிட்டு வண்டியை எடுத்தார்.