முன்மொழிந்தவர் கையெழுத்து

எங்கள் தெருப் பெண் ஒருவரின் வேட்புமனு தள்ளுபடியாக வேண்டும் என்றே அதில் முன்மொழிபவராக நான் கையெழுத்துப் போட்டேன். தவறிப் போட்டதல்ல. தெரிந்தே செய்தது.

தொண்ணூறுகளின் நடுவில், நீண்ட இடைவெளிக்குப் பிறகு நகராட்சித் தேர்தல் வந்தது. மூன்றில் ஒரு பங்கு வார்டுகள் பெண்களுக்கு என்று ஆனது அப்போதுதான். அதுவரை காஞ்சிபுரத்தில் கொடி பிடித்துத் திரிந்தவர்களெல்லாம் வீட்டுக்குப் போய், மனைவியின் பெயர் வாக்காளர் பட்டியலில் இருக்கிறதா என்று தேடினார்கள்.

எங்கள் தெருவின் நடுக்கோடுதான் இரண்டு வார்டுகளுக்கு எல்லை. காலையில் தெரு நடுவே தறிக்கான பட்டுப் பாவு நூலை நீட்டிக் கட்டினால் அதற்கு இந்தப் பக்கம் ஒரு வார்டு, அந்தப் பக்கம் வேறு வார்டு. என் வீடு கிழக்கு வரிசை. அண்ணன் வீடு எதிரே, மேற்கு வரிசை. அந்த மேற்கு வார்டு பெண்களுக்குப் போயிற்று. அண்ணன் அண்ணியை நிறுத்தினார். போட்டியே இல்லாமல் அன்னபோஸ்ட்டாக ஜெயிக்க வைப்பது என்று தெருவில் எல்லோரிடமும் பேசி முடித்துவிட்டார். அண்ணியிடம் மட்டும் யாரும் பேசவில்லை.

அண்ணன் வீட்டுக்கு மூன்று வீடு தள்ளி, கணவரோடு தறியில் உட்காரும் ஒரு பெண் தானும் நிற்பதாகச் சொன்னார். மேற்கு வரிசைக்குக் குழாய்த் தண்ணீர் கிடையாது. தறியை விட்டு எழுந்து, குடத்தோடு அடுத்த தெருவில் போய் நிற்க வேண்டும். நகராட்சி அலுவலகத்துக்கு நடந்து சலித்து, உள்ளே உட்கார்ந்தே கேட்டுவிடுவது என்று தீர்மானித்திருந்தார். மனுவோடு என்னிடம் வந்தார்.

"சார், நீங்க வாத்தியாரு. உங்க கையெழுத்து இருந்தா எனக்கும் ஒரு மரியாதை."

"உன் வீட்டுக்காரரே போடலாமேம்மா."

"அவரு எழுத்து கூட்டி முடிக்கிறதுக்குள்ள எலெக்‌ஷனே முடிஞ்சிடும் சார்."

முன்மொழிபவர் அதே வார்டின் வாக்காளராக இருக்க வேண்டும். பல தேர்தல்களில் வாக்குச்சாவடி வேலை பார்த்து ஓய்வு பெற்றவன் நான். அந்த விதி எனக்குத் தெரியும். அண்ணன் முகம் நினைவுக்கு வந்தது. அழகான கையெழுத்தில் போட்டு, கிழக்கு வார்டிலிருக்கும் என் வரிசை எண்ணையும் எழுதிக் கொடுத்தேன்.

பரிசீலனையன்று அதிகாரி மேற்கு வார்டுப் பட்டியலைப் புரட்டினார். "இந்த நம்பர்ல ஏதோ ஒரு அம்மா பேருல்ல இருக்குது? சார் எந்த வார்டு?" நான் திகைத்தவன் போல நின்றேன். மனு தள்ளுபடி.

திரும்பும் வழியில் அந்தப் பெண்தான் எனக்கு ஆறுதல் சொன்னார். "விடுங்க சார். இவ்ளோ படிச்ச உங்களுக்கே தெரியல. எனக்கு எங்க தெரியப் போவுது."

அண்ணி கவுன்சிலர் ஆனார். கூட்டத்துக்கு அண்ணன் ஸ்கூட்டரில் கொண்டுபோய் விட்டு, வாசலில் காத்திருப்பார்.

"உள்ள இன்னா நடந்துச்சு?"

"பஜ்ஜி சூடா குடுத்தாங்க."

ஐந்து வருஷமும் இப்படியே போயிற்று. தண்ணீர் வரவில்லை. குடத்தோடு என் வீட்டைக் கடக்கும்போதெல்லாம் அந்தப் பெண் "சாப்ட்டீங்களா சார்" என்று கேட்பார். அது எனக்கு இறங்கவே இல்லை.

அடுத்த தேர்தல் அறிவித்ததும் அவர் வீட்டுக்குப் போய், தறி ஓடிக்கொண்டிருக்கும்போதே எல்லாவற்றையும் சொன்னேன். தறி நின்றது.

"இத ஏன் சார் இப்ப சொல்றீங்க?"

"இந்தத் தடவையும் நீ நிக்கணும். என்னால ஆனதைச் செய்யறேன்."

அறுந்திருந்த இழை ஒன்றை முடிச்சுப் போட்டார். பிறகு சொன்னார்: "நிக்கிறேன். நான் ஓட்டு கேக்கற வீட்டுக்கெல்லாம் நீங்களும் வரணும். இங்க சொன்னத அங்கயும் சொல்லணும்."

"பெரியவரும்மா, பாவம்" என்றார் கணவர்.

"தெரிஞ்சிதான செஞ்சாரு. தெரிஞ்சே வரட்டும்."

இம்முறை கணவரே முன்மொழிந்தார். கையெழுத்துக்கு நேரம் எடுத்துக்கொண்டார், தேர்தல் முடிந்துவிடவில்லை.

முதல் வீட்டு வாசலில் பாதியில் நிறுத்தி, மறுபடி முதலிலிருந்து ஆரம்பித்தேன். நாலாவது வீட்டில் பாடம் நடத்துவது போல வந்துவிட்டது. "இன்னொரு வாட்டி சொல்லுங்க சார், எங்க மாமியார் கேக்கல" என்று ஒரு வீட்டில் உள்ளிருந்து மாமியாரைக் கூட்டிவந்தார்கள். இன்னொரு வீட்டில் மோர் கொடுத்து, "பொறுமையா சொல்லுங்கபா, அவசரமில்ல" என்றார்கள். சிரிக்காத வீடு இல்லை.

அண்ணன் வீட்டையும் அவர் விடவில்லை.

"வெக்கமா இல்ல உனக்கு?" என்றார் அண்ணன், என்னைப் பார்த்து.

"இருக்குது. அதான் வந்திருக்கேன்."

இரண்டாம் முறையும் வேண்டாம் வேண்டாம் என்று சொல்லி நிறுத்தப்பட்டிருந்த அண்ணி, கதவோரம் நின்று, "நோட்டீஸ் ஒண்ணு குடும்மா" என்று வாங்கி மடித்து இடுப்பில் செருகிக்கொண்டார்.

அந்தப் பெண் கொஞ்ச ஓட்டு வித்தியாசத்தில்தான் ஜெயித்தார். முதல் கூட்டத்தில் தண்ணீரைக் கேட்டு எழுந்தவர், பதில் வரும்வரை உட்காரவில்லை என்று சொன்னார்கள். ஒரு மழைக்காலம் கழித்து மேற்கு வரிசைக்குக் குழாய் வந்தது. அண்ணன் என்னோடு பேச அதற்கும் மேலாயிற்று.

பிறகொரு நாள், தெருவிளக்குக்காக இரண்டு வரிசைக்காரர்களும் சேர்ந்து கொடுக்கும் விண்ணப்பம் ஒன்றை நான் எழுதி, கவுன்சிலரான அந்தப் பெண்ணிடம் நீட்டினேன். "உக்காருங்க சார்" என்று நாற்காலி போட்டார். காபி வந்தது. அவர் முதல் வரியில் விரலை வைத்து, வார்த்தை வார்த்தையாகக் கடைசிவரை படித்தார். கீழே இருந்த கையெழுத்துகளையும் ஒவ்வொன்றாகப் பார்த்தார். அதற்குப் பிறகுதான் மடித்துப் பையில் வைத்தார். அதற்குள் என் காபி ஆறிப் போயிருந்தது.