மட்டையைப் போட்டுவிட்டு ஓடிய மாப்பிள்ளை

ஊரே டெல் என்று கூப்பிடும் என் மருமகன் டெல்பர்ட் முதல் தடவை என்னை "மேம்" என்று அழைத்தபோது, பின்னால் மகாராணி யாராவது வந்து நிற்கிறாளா என்று திரும்பிப் பார்த்தேன். எங்கள் யார்க்‌ஷயரில் அந்த மரியாதை அரண்மனைக்காரர்களுக்குத்தான். நானோ ஹேவர்பெக் கிராமத்தில் கிரிக்கெட் நடக்கும் சனிக்கிழமைகளில் சாண்ட்விச் வெட்டித் தேநீர் ஊற்றுகிறவள்.

"எட்னான்னு பேரைச் சொல்லிக் கூப்பிடுப்பா. பக்கத்து வீட்டுக்காரி கேட்டா சிரிப்பா" என்றேன்.

"சரிங்க மேம்" என்றான்.

அவன் நெப்ராஸ்காக்காரன். இங்கிலாந்தில் இருக்கும் ஓர் அமெரிக்க விமானத்தளத்துக்குச் சிப்பாயாக வந்தவன், என் மகள் ஜில்லைப் பார்த்ததும் சீருடையைக் கழற்றிப் போட்டுவிட்டு எங்கள் ஊர் டிராக்டர் பட்டறையில் சேர்ந்துகொண்டான். ஆள் கதவு உயரம். குரல் இரண்டு வயல் தாண்டிக் கேட்கும். பேருந்து நிறுத்தத்தில் முன்பின் தெரியாதவர்களிடம் "எப்படி இருக்கீங்க?" என்று கேட்பான். கேட்டுவிட்டுப் பதிலுக்கு வேறு காத்திருப்பான்! ஆரம்பத்தில் எங்கள் ஆட்கள் அவனைக் கண்டால் காலணிக் கயிற்றைக் கட்டக் குனிந்துகொள்வார்கள். ஒரு வருடம் போவதற்குள், தபால் நிலையத்து பீட்ரிஸ் தன் முழங்கால் வலியை அவனிடம் ஒன்றுவிடாமல் சொல்லிக்கொண்டிருந்தாள். நாற்பது வருடம் அவளோடு பழகிய எனக்கு, அவளுக்கு முழங்கால் வலி இருப்பதே அன்றுதான் தெரியும். இப்படி ஒரு மாப்பிள்ளை வேறு எந்த வீட்டில் இருக்கிறான், சொல்லுங்கள்.

ஆனால் கிரிக்கெட் என்று வந்தபோது மானம் கப்பலேறியது.

எங்கள் அணித்தலைவன் கிளிஃபர்ட் ஆடு வளர்ப்பவன். பேசினால் காசு செலவாகும் என்று நினைக்கிற ரகம். ஆள் குறைந்த ஒரு சனிக்கிழமை டெல்லைக் கூப்பிட்டான். சின்ன வயதில் பேஸ்பால் ஆடியவன், கை நன்றாக வீசும் என்ற நம்பிக்கை. டெல் பந்தை ஓங்கி அடித்தான். அடித்த கையோடு, அவன் ஊர் வழக்கப்படி, மட்டையைத் தூக்கி எறிந்துவிட்டு வெறுங்கையோடு ஓடினான். எங்கள் ஆட்டத்தில் மட்டையை நீட்டிக் கோட்டுக்குள் வைத்தால் போதும், ஆள் பின்னால் வரலாம். மட்டை இல்லாததால் ஒரு முழம் எட்டாமல் ரன் அவுட் ஆனான். மட்டை புல்லில் அனாதையாகக் கிடந்தது. எதிரணிக்காரர்கள் சிரித்துச் சிரித்து உட்கார்ந்துவிட்டார்கள்.

அடுத்த வாரம் கிளிஃபர்ட் வைக்கோல் கட்டும் கயிறு ஒன்றைக் கொண்டுவந்து மட்டையை அவன் மணிக்கட்டோடு கட்டினான்.

"ஆட்டுக்குட்டிக்கு இதே முடிச்சுதான். அவுத்துக்காது" என்றான்.

டெல்லும் சிரித்தான். ஆனால் அன்று சாயங்காலம் என் சமையலறையில் தட்டு துடைத்தபடி கேட்டான். "மேம், இவங்களுக்கு என்னைப் பிடிச்சிருக்கா இல்லையா? அஞ்சு வருஷமா இங்க இருக்கேன். ஒருத்தர்கூட 'நல்லா செஞ்சே'ன்னு சொன்னதில்ல. எங்க ஊர்ல நாய் பந்தைக் கவ்விட்டு வந்தாக்கூடக் கை தட்டுவோம்."

"இங்க திட்டலைன்னா பிடிச்சிருக்குன்னு அர்த்தம்" என்றேன்.

"திட்டவும் செய்யுறாங்களே!"

"அப்ப ரொம்பப் பிடிச்சிருக்கு."

நான் வேடிக்கையாகச் சொன்னேன். அவன் சிரிக்கவில்லை. நெப்ராஸ்காவில் அவன் அண்ணன் சொந்தமாகப் பட்டறை வைத்திருந்தான். வா, வா என்று தொலைபேசியில் நச்சரித்துக்கொண்டிருந்தான். கோடை முடிந்ததும் கிளம்பிவிடலாமா என்று டெல் யோசிப்பதாக ஜில் சொன்னாள். கணவர் ஹெர்பர்ட் போனபின் எனக்கென்று இருந்தது ஜில்லும், மூன்று வயதுப் பேத்தி பானியும்தான். இந்தச் சத்தக்காரனும் கூடத்தான். அதை அவனிடம் வாய்விட்டுச் சொல்லியிருக்கலாம். எங்கள் ஊரில் பிறந்த வாய் அவ்வளவு சுலபத்தில் திறக்குமா?

ஆகஸ்டில் ஓல்ட்கில் ஊரோடு கோப்பை ஆட்டம் வந்தது. அவர்கள் மலைக்கு அந்தப்புறம். அவர்களிடம் நாங்கள் தோற்றுத் தோற்று, கோப்பை எப்படி இருக்கும் என்பதே மறந்துபோயிருந்தது. அன்றும் அதே கதைதான் என்று நான் கேக்கை வெட்டிக்கொண்டிருந்தேன். வெற்றிக்கு இன்னும் இரண்டு ரன் வேண்டும், கையில் ஒரே விக்கெட் என்ற நிலையில், கடைசி ஆளாக டெல் மணிக்கட்டில் கயிற்றோடு உள்ளே போனான்.

ஓல்ட்கில் பெண்மணி ஒருத்தி என் பக்கத்தில் நின்று சிரித்தாள். "மட்டையைத் தூக்கிப் போடுவானாமே, அந்த அமெரிக்காக்காரன் இவன்தானா?"

"எங்க வீட்டு மாப்பிள்ளை" என்றேன், கத்தியைக் கீழே வைக்காமல்.

பந்து வந்தது. அடித்தான். எல்லைவரை போகவில்லை. முதல் ரன் சுலபமாக வந்தது. இரண்டாவதுக்குத் திரும்பியபோது பந்து விக்கெட் காப்பாளனை நோக்கிப் பறந்துவந்தது. டெல் இன்னும் நான்கு எட்டு தள்ளி இருந்தான். அப்போது அவன் செய்ததை எங்கள் மைதானத்தில் அதுவரை யாரும் செய்ததில்லை. பேஸ்பாலில் செய்வார்களாம். நெஞ்சு தரையில் படத் தலைகுப்புறப் பாய்ந்து, புல்லில் வழுக்கிக்கொண்டே போனான். ஆனால் இந்த முறை கையில் மட்டை இருந்தது. அது நீண்டு கோட்டைத் தாண்டிய பிறகுதான் விக்கெட் சிதறியது. நடுவர் தலையை ஆட்டினார். அவுட் இல்லை.

ஹேவர்பெக் ஜெயித்துவிட்டது!

டெல் எழுந்தான். நான் கஞ்சி போட்டுத் தேய்த்துக் கொடுத்த வெள்ளைச் சட்டை தாடையிலிருந்து இடுப்புவரை பச்சை. இரண்டு கையையும் விரித்தபடி நின்றான், எல்லோரும் ஓடிவந்து கட்டிக்கொள்வார்கள் என்று. யாரும் ஓடவில்லை. வரிசையாக வந்து கை குலுக்கினார்கள். கிளிஃபர்ட் அவனை மேலும் கீழும் பார்த்து, "மோசமில்ல. சட்டைதான் வீணாப்போச்சு" என்றான். பிறகு எல்லோரும் தேநீர் குடிக்கப் போய்விட்டார்கள். விரித்த கைகளை டெல் மெல்ல இறக்கிக்கொண்டதை நான் பார்த்தேன். நானும் அவனிடம் ஒரு கோப்பைத் தேநீரை நீட்டியதோடு சரி.

மறுநாள் காலை, ஊருக்குப் போய்விடுவதென்று முடிவு செய்துவிட்டதாக என் சமையலறை மேசையருகே நின்று சொன்னான். ஜில் அழுதுகொண்டிருந்தாள். அந்த நேரம் பார்த்துக் கதவு தட்டப்பட்டது. கிளிஃபர்ட். தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு நின்றான்.

"டெல் இருக்கானா எட்னாக்கா? தம்பி, இனிமே உருளை நீ பாத்துக்க" என்று ஒரு துருப்பிடித்த சாவியை நீட்டினான்.

ஆடுகளத்தைச் சமன்படுத்தும் இரும்பு உருளையைப் பூட்டி வைக்கும் கொட்டகையின் சாவி அது. அந்த உருளையை இழுத்தால் மறுநாள் முதுகு நிமிராது. டெல்லின் முகம் சிவந்தது. "ஜெயிச்சுக் குடுத்தவனுக்கு இதுதான் பரிசா? எடுபிடி வேலையா?"

எனக்கு எங்கிருந்து கோபம் வந்ததோ! "உட்காருடா!" என்றேன். "எடுபிடி வேலையா? ஹெர்பர்ட் பதினோரு வருஷம் ஆடின பிறகுதான் அவர் கைக்கு அந்தச் சாவி வந்துச்சு. வாங்கிட்டு வந்து இதோ இந்த நாற்காலியில உக்காந்து அழுதார். அவர் போனப்புறம் இவன் அதை யார் கையிலயும் குடுக்கல. சொந்தத் தம்பி கேட்டும் குடுக்கல. அந்தக் களம் இந்த ஊருக்கு உசிருடா. உன்னை நம்பி ஒப்படைக்கிறான்!"

டெல் கிளிஃபர்டைப் பார்த்தான். "அப்படின்னா வாயைத் தொறந்து சொல்ல வேண்டியதுதானே?"

கிளிஃபர்டின் காது நுனிவரை சிவந்திருந்தது. "அதான் சொல்லிட்டு நிக்கிறேனே" என்றான் தொப்பியிடம்.

டெல் எழுந்துபோய் அவனைக் கட்டிக்கொண்டான். கிளிஃபர்ட் வேலிக்கம்பம் மாதிரி விறைத்து நின்றான். விடுபட்டதும், ஆடுகள் காத்திருக்கின்றன என்று சொல்லி ஓடிவிட்டான்.

பதினொரு மணிக்குத் தேநீரும் கேக்கும் எடுத்துக்கொண்டு மைதானத்துக்குப் போனேன். தேவாலயம் விட்டு ஊரே சுவரோரமாக வந்துகொண்டிருந்தது. டெல் உருளையை இழுத்துக்கொண்டிருந்தான். முந்தின நாள் தான் வழுக்கிய இடத்தில் புல் பெயர்ந்திருந்ததை, மண் போட்டு மிதித்து, அதன்மேலேயே மறுபடி மறுபடி போய்வந்தான். ஊருக்குக் கிளம்புகிறவன் அப்படி இழுக்கமாட்டான். என் வாய் தானாகத் திறந்தது.

"டெல்! உன்னை நினைச்சா எனக்குப் பெருமையா இருக்குடா!"

சுவரோரம் நடந்த அத்தனை பேரும் நின்றார்கள். பீட்ரிஸ் கையிலிருந்த பாட்டுப் புத்தகத்தைக் கீழே போட்டாள்.

டெல் உருளையை விட்டுவிட்டு நிமிர்ந்தான். முகமெல்லாம் சிரிப்பு, கண்ணெல்லாம் தண்ணீர். "இன்னொரு தடவை சொல்லுங்க மேம்!"

"ஒரு தடவை போதும்" என்றேன். "வா, டீ ஆறுது."