இருமலில் கேட்ட குரல்

என் தம்பி பொண்டாட்டி கயல்விழிதான் எங்கள் கரையில் மீன் ஏலம் கூறுகிறவள். அவள் குரல் பக்கத்துக் குப்பம் வரை கேட்கும். பங்குனியில் ஒரு காலை வாயைத் திறந்தாள்; காற்றுதான் வந்தது.

கைவைத்தியம் பார்த்தோம், மந்திரித்தோம், கடலூரில் ஸ்கேன் எடுத்தோம். எல்லாம் சரியாக இருந்தது.

"ரிப்போர்ட்டுல ஒண்ணும் இல்லன்னா நடிக்கிறாள்னுதான அர்த்தம்" என்றான் தம்பி சிவசங்கர்.

அவள் சாப்பாட்டுத் தட்டைத் தள்ளிவிட்டு எழுந்தாள். வாசலுக்கும் வேலிக்குமாக நடந்தாள். உட்காரவே முடியவில்லை அவளால். சித்திரைக்குள் சரியாகாவிட்டால் அவளுக்குப் பதிலாக, கரையில் மீன் விற்கிற பட்டம்மாள் ஏலம் கூறட்டும் என்று படகுக்காரர்கள் சொல்லிவிட்டார்கள்.

சிதம்பரத்துக்குக் கூட்டிப்போனேன். அங்கே இருந்த டாக்டரம்மா, "இருமுங்க" என்றார்.

இருமினாள். கணீரென்று கேட்டது.

"தொண்டை நல்லாதான் இருக்கு."

"அப்ப நடிக்கிறாளாங்க?"

"இல்லம்மா. தெரிஞ்சு செய்யல. மனசுல ஏதாவது அடைச்சிருந்தா இப்படி ஆகலாம். உறுதியா சொல்ல முடியாது. அதுக்கு முந்தி என்ன நடந்துது?"

கயல் என்னைப் பார்த்தாள். குனிந்தபடியே நான்தான் சொன்னேன். வேலிக்கு அந்தப் பக்கம் அவள் அக்கா சௌந்தரத்தின் வீடு. ஒரு வலைத் தகராறை ஊர்க் கூட்டத்தில் சொல்லாமல் சௌந்தரத்தின் புருஷன் போலீசுக்குப் போய்விட்டார். அந்த வீட்டாரோடு பேசுகிறவர்களையும் தள்ளிவைப்போம் என்று ஊரில் முடிவானது. மறுநாள் ஏலத்தில் சௌந்தரம்தான் கூடுதல் விலைக்குக் கேட்டாள். கயல் அது காதில் விழாததுபோல, குறைத்துக் கேட்டவளுக்கே கூடையை முடித்துவிட்டாள். அதற்கடுத்த காலைதான் குரல் போனது.

டாக்டரம்மா குரலுக்குப் பயிற்சி எழுதிக்கொடுத்தார். மனநல டாக்டரையும் பார்க்கச் சொன்னார்.

திரும்பும்போது பஸ்ஸில் பாதிப்பேர் எங்கள் ஊர்க்காரர்கள். வழியில் காலிக் கூடையோடு சௌந்தரம் ஏறினாள். ஒருவரும் நகர்ந்து இடம் விடவில்லை. கயல் முந்தானையை முறுக்கினாள், ஜன்னலைப் பார்த்தாள், பாதி எழுந்து மறுபடி உட்கார்ந்தாள்.

"அக்கா. இங்க வந்து குந்து."

கரகரப்பாக இருந்தாலும் சத்தமாகவே வந்தது. முன் சீட்டுகளில் தலைகள் திரும்பின.

சௌந்தரம் அவளையே பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு கேட்டாள், "என்னாடி, ஜலதோஷமா?"

கயலுக்குக் குரல் போனதை அவளிடம் யாரும் சொல்லியிருக்கவில்லை.

முன் சீட்டில் எங்கள் ஊர்க் கொளஞ்சி போனை எடுத்துவிட்டான். நாங்கள் இறங்குவதற்குள் ஊருக்குச் சேதி போய்விடும். குரல் வந்துவிட்டது, நாளைக்குக் கரையில் அதைக் கேட்க யார் நிற்பார்கள் என்றுதான் தெரியவில்லை. நான் நகர்ந்து உட்கார்ந்து, சௌந்தரத்தின் கூடையை மடியில் வாங்கிக்கொண்டேன்.