கொட்டகை வாசலில் குதிரைக்காரர்

“…முறிஞ்ச கால எத்தின நாளைக்கித்தான் சனம் பாக்கும்? ஒருக்கா கூரையில ஏறிக் குதிச்சிக் காட்டினாக் காணும்” என்று எங்கள் பயஸ்கோப் கொட்டகை முதலாளி, வாசலில் நின்ற குதிரைக்காரரிடம் சொன்னார். கண்டியில் அப்போது படங்கள் பேசத் தொடங்கவில்லை. திரைக்குப் பக்கத்தில் நின்று நான்தான் பேசிக்கொண்டிருந்தேன்.

சனத்துக்கு என்ன வேண்டும் என்பது எனக்கு நன்றாகத் தெரியும். காதலன் கண்ணீர் விட்டால் கச்சான் கடலை கொறிப்பார்கள். கத்தியை உருவினால் உட்கார்ந்திருக்கும் வாங்குப் பலகைமேல் ஏறி நிற்பார்கள். படத்து வீரன் முதலில் மதிலிலிருந்து குதித்தான். அடுத்த படத்தில் மாடியிலிருந்து குதிரைமேல் குதித்தான். அதோடு மதில் பழசாகிவிட்டது. “அது பூனை பாயுற பாய்ச்சல்தானே” என்றார்கள். அந்த வாய்க்காகவே எனக்கு அவர்களைப் பிடிக்கும்.

இந்தக் குதிரைக்காரர் மடுல்கெல்லப் பக்கத்துத் தேயிலைத் தோட்டத்தில் ஒரு துரையின் குதிரையைப் பார்த்துவந்தவர். மாடிக் காட்சியைப் பார்த்துவிட்டுப் போய், லாயத்துக் கூரையிலிருந்து தாமும் குதித்தார். திரையில் குதிரை நின்றது. லாயத்தில் நகர்ந்துவிட்டது. முறிந்த கால் கோணலாகக் கூடியது. “குதிரைக்கு இருக்கிற புத்தி ஒனக்கு இல்லையே” என்று சொல்லித் தோட்டத்திலிருந்து அனுப்பிவிட்டார்கள்.

கொட்டகைக்கு வந்து சேர்ந்தவரை முதலாளி, வாசலில் ஒட்டியிருந்த வீரனின் படத்துக்குப் பக்கத்தில் நிறுத்தினார். வேட்டியை முழங்காலுக்கு மேல் மடித்துக் கட்டச் சொன்னார். “நம்ம ஆளுக்கு ஏலாதத நம்ம வீரன் செய்றான், உள்ள வந்து பாருங்க!” என்று நான் கூவுவேன். சனம் அந்தக் காலைக் கிள்ளிப் பார்த்துவிட்டு உள்ளே போகும். அவருக்கு வேளைக்குச் சோறும் திரைக்குப் பின்னால் படுக்க இடமும் கிடைத்தன. வேறு போக்கிடம் இல்லை.

பிறகு, பாலத்திலிருந்து ஓடும் ரயில்மேல் குதிக்கும் படம் வந்தது. அன்று பின்னேரம் ஒருவரும் அவர் காலைக் குனிந்துகூடப் பார்க்கவில்லை.

“மாமா, அவன் ரயிலு மேலயே பாஞ்சிட்டான். நீங்க இன்னும் தரையிலயே நிக்கிறீங்களே!” என்று ஒருவன் சத்தம் போட்டான்.

“கூரை சும்மாதானே கெடக்கு, ஏறுங்க!” என்றான் இன்னொருவன்.

அதைக் கேட்டுத்தான் முதலாளி அவரைக் கூரையில் ஏறிக் குதித்துக் காட்டச் சொன்னார்.

“மொதலாளி, மத்தக் காலும் போயிட்டா?” என்றார் குதிரைக்காரர்.

“போனா ரெண்டையும் பாக்க வருவாங்க. ஏலாட்டி, சோத்துக்கு வேற எடம் பாருங்க.”

கூட்டம் அதற்கும் கைதட்டியது. குதிரைக்காரர் தகரக் கூரையை அண்ணாந்து பார்த்தார். அவரோடு சேர்ந்து எல்லாரும் பார்த்தார்கள்.

முதலாளி உள்ளே போய் ஏணியைத் தூக்கிவந்து சாத்தினார். ஆடுகிறதா என்று தாமே இரண்டு படி ஏறிப் பார்த்தார். இறங்கிவந்து, குதிரைக்காரர் ஊன்றி நின்ற தடியைத் தம் கையில் வாங்கிக்கொண்டார்.