பூட்டிய பட்டறையில் ஆயுத பூஜை

பெங்களூர் ஒக்கலிபுரத்தில் நான் வேலை பார்த்த லேத் பட்டறையை முதலாளி ஒரு சனிக்கிழமை பூட்டிவிட்டுச் சேலத்துக்குப் போய்விட்டார். எங்கள் எல்லோருக்கும் பல மாதச் சம்பளம் பாக்கி. மெஷின் டிராயிங் படித்துவிட்டு அங்கே படம் வரைந்துகொண்டிருந்த ஒரே பெண் நான். பூட்டுவதற்கு முந்தைய வாரம் நான் சம்பளம் கேட்டபோது அவர் ஆட்கள் முன்னால் சிரித்தார்.

"உனக்கு எதுக்கும்மா சம்பளம்? பவுடர் வாங்கவா? கல்யாணம் பண்ணிக்கினு போய்ச் சேரு."

அந்தச் சிரிப்பை நான் மறக்கவில்லை. மறக்க முயலவும் இல்லை.

மேஸ்திரியும் நானும் மற்ற ஆட்களும் சேர்ந்து, முதலாளியைத் திவாலானவர் என்று அறிவிக்கும்படி பெங்களூர் கோர்ட்டில் மனுப் போட்டோம். அறிவித்தால் மெஷின்கள் கோர்ட் வசம் வரும். விற்று எங்களுக்குப் பங்கு தருவார்கள். முதலாளியின் பதில் அலட்டிக்கொள்ளாமல் வந்தது. வியாபாரத்தை நிறுத்தியாயிற்று, மெஷின்களை மச்சானுக்கு விற்றாயிற்று, குடியிருப்பது சேலத்தில். ஆகவே பெங்களூர் கோர்ட்டுக்குத் தன்மேல் அதிகாரமே கிடையாது.

எங்கள் வக்கீல் உதட்டைப் பிதுக்கினார். "இங்க இன்னும் தொழில் இருக்குன்னு காட்டணும். இல்லேன்னா சேலத்துலதான் வழக்கு."

சேலத்துக்கு அலைய எங்களில் ஒருவருக்கும் வசதியில்லை. அது அவருக்கும் தெரியும்.

ஆயுத பூஜை வந்தது. மேஸ்திரியால் வீட்டில் இருக்க முடியவில்லை. "பூட்டின கதவுக்காவது ஒரு பொட்டு வெச்சிட்டு வரலாம் வா, டிராயிங்கம்மா" என்றார். போனோம். கதவு திறந்திருந்தது. வாசலில் பூசணிக்காய் உடைந்து கிடந்தது. உள்ளே முதலாளி, பட்டுக்கரை வேட்டியில், கையில் கற்பூரத் தட்டோடு.

எங்களைப் பார்த்ததும் திடுக்கிட்டார். ஆனால் பண்டிகைப் பழக்கம் அவரை விடவில்லை. பழைய முதலாளி ஆகிவிட்டார்.

"வா மேஸ்திரி! கேசு கோர்ட்டோட. நல்ல நாளும் அதுவுமா வெறுங்கையோட போகக் கூடாது." வருஷா வருஷம் ஆட்களுக்குக் கொடுப்பதைப் போலவே ஆளுக்கொரு பொட்டலம் பொரி கொடுத்தார். எனக்கும்தான்.

நான் வாங்கிக்கொண்டேன். அங்கேயே நின்று, பொரியை மென்றபடி பார்த்தேன். லேத்துக்குப் புது எண்ணெய். டிரில்லுக்கு மாலை. ஸ்பேனர்கள் வரிசையாக, ஒவ்வொன்றிலும் சந்தனம். மோட்டாரைப் போட்டு லேத்தைச் சற்று நேரம் ஓடவிட்டார். மச்சானைக் காணோம். எல்லாவற்றையும் அன்றே வக்கீலிடம் சொன்னேன்.

விசாரணையில் வக்கீல் கன்னடத்தில் கேட்டார், முதலாளி தமிழில் பதில் சொன்னார். அங்கே எல்லோருக்கும் இரண்டும் புரிந்தது.

"மச்சானுக்கு வித்த மெஷினுக்கு நீங்க எதுக்குப் பூஜை போட்டீங்க?"

"பழக்கம் சார். போடலேன்னா மெஷினுக்கு ஆகாது."

"ஆகலேன்னா உங்களுக்கு என்ன? மச்சான் பாடு."

"இல்ல சார், நாளைக்கு ஒரு ஆர்டரு வந்தா..."

முதலாளியின் வக்கீல் கண்ணை மூடிக்கொண்டார்.

கதவைப் பூட்டுவதால் தொழில் முடிந்துவிடாது, பட்ட கடனைத் தீர்க்கும்வரை வியாபாரி வியாபாரிதான் என்றார் நீதிபதி. பெங்களூர் கோர்ட்டே விசாரிக்கும் என்று உத்தரவானது. பிறகு மச்சானுக்கு விற்றது செல்லாது என்று தள்ளப்பட்டு, திவாலும் அறிவிக்கப்பட்டது. பட்டறையைப் பொறுப்பேற்க வந்த கோர்ட் அதிகாரிக்கு மெஷின்களின் பெயர் தெரியாது. என்னைச் சொல்லச் சொல்லி எழுதிக்கொண்டார். நான் ஒவ்வொரு சாமானாகச் சொல்ல, முதலாளி ஒப்புக்கொள்ள வேண்டும்.

"லேத், ஆறடி."

"என்னுதுதான்."

"டிரில்லிங் மெஷின்."

"என்னுது."

ஆட்கள் எல்லோரும் வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார்கள். முதலாளியின் குரல் இறங்கிக்கொண்டே வந்தது. அதிகாரி கடிகாரத்தைப் பார்த்து, "சில்லறை சாமானையெல்லாம் மொத்தமா எழுதிக்கலாமே அம்மா" என்றார்.

"தப்பு வந்துடும் சார்" என்றேன். ஸ்பேனர்களை ஒவ்வொன்றாகக் கையில் எடுத்து, அளவைச் சொல்லி, முதலாளி வாய் திறக்கும்வரை காத்திருந்தேன்.